ஒன்பதாம் மாத ஊசி கணக்கில் வராது

கேள்வி: என் மகளுக்கு அமெரிக்காவில், நியூயார்க் மாநிலத்தில் உள்ள ஒரு பல்கலைக்கழகத்தில் எம்.எஸ். படிக்க இடம் கிடைத்திருக்கிறது. விசா வந்துவிட்டது. ஆகஸ்ட் கடைசியில் வகுப்பு, டிக்கெட்டும் போட்டாயிற்று. இப்போது, தடுப்பூசி போட்டதற்குச் சான்று கொடுத்தால்தான் பாடங்களுக்குப் பதிவு செய்ய முடியும் என்று மெயில் வந்திருக்கிறது. 2003-இல் பிறந்தவள். அரசு ஆஸ்பத்திரியில் ஒரு ஊசி விடாமல் போட்டோம். ஆனால் கஜா புயலில் வீட்டுக்குள் தண்ணீர் இறங்கியபோது அட்டை பாதி அழிந்துவிட்டது. ‘தட்டம்மை’ என்ற வரி மட்டும் தெரிகிறது. ஒன்பதாம் மாதம் போட்டது. தெரிந்தவர் ஒருவர், பழைய தேதி போட்டு டாக்டர் கையெழுத்தோடு சர்டிபிகேட் வாங்கித் தருகிறேன் என்கிறார். ‘போட்ட ஊசியைத்தானே எழுதப் போகிறோம், இதில் என்ன தப்பு’ என்கிறார் என் கணவர். எனக்கு மனசு ஒப்பவில்லை. காசநோய் டெஸ்ட் வேறு கேட்கிறார்கள். அதில் ஏதாவது வந்துவிட்டால் பயணமே நின்றுவிடுமோ என்று பயமாக இருக்கிறது.
– பெயர் வேண்டாம், மன்னார்குடி

பதில்: அம்மா, உங்கள் மனசு ஒப்பாதது சரிதான். அந்தச் சர்டிபிகேட்டை வாங்காதீர்கள். ஏன் என்று சொல்கிறேன். அதற்கு முன், உங்கள் கையில் மிஞ்சியிருக்கும் அந்த ஒரு வரியைப் பார்த்துவிடலாம்.

ஒன்பதாம் மாதம் போட்ட தட்டம்மை ஊசியை அங்கே கணக்கில் எடுக்க மாட்டார்கள். நியூயார்க் மாநிலச் சட்டப்படி, 1957 ஜனவரி 1-ஆம் தேதியோ அதற்குப் பிறகோ பிறந்து, ஆறு கிரெடிட் அல்லது அதற்கு மேல் படிக்கிற ஒவ்வொரு மாணவரும் தட்டம்மை, பொன்னுக்கு வீங்கி, ருபெல்லா மூன்றுக்கும் தடுப்பாற்றல் இருப்பதைக் காட்ட வேண்டும். தட்டம்மைக்கு இரண்டு ஊசி, மற்ற இரண்டுக்கும் ஒவ்வொன்று. முதல் ஊசி ஒரு வயது முடிந்த பிறகு போட்டதாகவும், இரண்டாவது அதிலிருந்து 28 நாளாவது தள்ளிப் போட்டதாகவும் இருக்க வேண்டும். தாயிடமிருந்து குழந்தைக்கு வந்த எதிர்ப்பொருள் ஒன்பது மாதத்தில் கொஞ்சம் மிச்சம் இருக்கும். அது தடுப்பூசியில் உள்ள வலுவிழந்த கிருமியையும் அடித்துவிடும். சில குழந்தைகளுக்கு ஊசி பிடிக்காமல் போவது இதனால்தான். தெரிந்தேதான் நம் நாட்டில் ஒன்பதாம் மாதம் போட்டோம். கைக்குழந்தைகளையே தட்டம்மை கொண்டுபோன காலம் அது. ஒரு வயது வரை காத்திருக்க முடியாது. உங்கள் ஊர் நர்ஸம்மா செய்ததில் பிழை எதுவும் இல்லை.

பொன்னுக்கு வீங்கிக்கான ஊசி இன்றைக்கும் நம் அரசுத் திட்டத்தில் கிடையாது. தனியார் குழந்தை மருத்துவரிடம் போனவர்கள்தான் இந்த மூன்றுக்கும் சேர்ந்த எம்.எம்.ஆர். ஊசி போட்டிருப்பார்கள். இரண்டாவது தட்டம்மை ஊசி தேசியத் திட்டத்துக்குள் வந்ததே 2010-க்குப் பிறகு. ஆகவே 2003-இல் பிறந்து, அரசு ஆஸ்பத்திரியில் ஒன்றுவிடாமல் எல்லா ஊசியும் போட்டுக்கொண்ட பெண்ணுக்கு, அட்டை நனையாமல் இருந்திருந்தாலும், அது போதாது. ‘போட்ட ஊசியைத்தானே எழுதப் போகிறோம்’ என்ற உங்கள் கணவரின் கேள்விக்கு இதுவே பதில். அந்தச் சர்டிபிகேட்டில் எழுதப்போவது உங்கள் மகளுக்கு யாரும் போடாத ஊசியை.

நினைவுபடுத்திப் பாருங்கள். 2017 பிப்ரவரியில் தமிழ்நாடு முழுக்கப் பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமாக வந்து தட்டம்மை–ருபெல்லா ஊசி போட்டார்கள். ஒன்பது மாதம் முதல் 15 வயது வரை எல்லாருக்கும். போட்டவர்களுக்கு விரலில் மை வைத்தார்கள். வாட்ஸ்அப் வதந்தியை நம்பி அன்றைக்குப் பிள்ளையைப் பள்ளிக்கு அனுப்பாத பெற்றோரும் இருந்தார்கள். உங்கள் மகள் அப்போது எட்டாவதோ ஒன்பதாவதோ படித்திருப்பாள். அன்று கொடுத்த சீட்டு பழைய மார்க் ஷீட் ஃபைலில் எங்காவது இருக்கிறதா என்று தேடுங்கள். பள்ளியிலும், வட்டார ஆரம்ப சுகாதார நிலையத்திலும் கேளுங்கள். தேதியோடு அது கிடைத்தால் தட்டம்மைக்கு ஒன்று, ருபெல்லாவுக்கு ஒன்று கணக்கில் வந்துவிடும். இப்போது ஒரே ஒரு எம்.எம்.ஆர். போட்டால் மாநிலச் சட்டம் கேட்பது நிறைந்துவிடும். ஆனால் சில பல்கலைக்கழகங்கள் ‘இரண்டு எம்.எம்.ஆர்.’ என்றே கேட்கும், படிவத்தை வரிக்கு வரி படியுங்கள்.

கிடைக்காவிட்டாலும் கவலை வேண்டாம். இரண்டு வழி இருக்கிறது. ரத்தத்தில் எதிர்ப்பொருள் இருக்கிறதா என்று பார்க்கும் ஐ.ஜி.ஜி. சோதனை ஒன்று. மூன்று நோய்க்கும் ‘பாசிட்டிவ்’ என்று வந்தால் அந்த லேப் ரிப்போர்ட்டே சான்று, ஊசி வேண்டாம். இல்லையென்றால் பழையதை மறந்துவிட்டு இன்றைக்கு ஒரு எம்.எம்.ஆர்., 28 நாள் கழித்து இன்னொன்று. ஏற்கெனவே தடுப்பாற்றல் உள்ளவருக்கு மறுபடி போடுவதால் கெடுதல் இல்லை. நானாக இருந்தால் ரிசல்ட்டுக்குக் காத்திராமல், ரத்தம் கொடுத்த கையோடு முதல் ஊசியையும் போட்டுவிடுவேன். சோதனையில் ஒன்று குறைந்து வந்தாலும் நாள் வீணாகாது. கர்ப்பமாக இருக்கும் பெண்ணுக்கு இந்த ஊசி போடக்கூடாது. போட்ட பிறகு ஒரு மாதம் கர்ப்பம் தரிக்காமல் பார்த்துக்கொள்ள வேண்டும். ஸ்டீராய்டு மாதிரி எதிர்ப்புச் சக்தியைக் குறைக்கும் மருந்து சாப்பிடுபவர்கள் டாக்டரிடம் சொல்லாமல் கையை நீட்டக்கூடாது.

இனி அந்தப் போலிச் சான்றிதழ். மாட்டிக்கொண்டால் ஒழுங்கு நடவடிக்கை வரும் என்பது ஒரு பக்கம். எனக்கு அதைவிடப் பெரிய பயம் வேறு. அந்தக் காகிதம் ஃபைலில் தூங்குவதற்காக வாங்கப்படுவதில்லை. 2019 ஏப்ரலில் லாஸ் ஏஞ்சலிஸில் தட்டம்மை வந்தபோது, அங்குள்ள இரண்டு பெரிய பல்கலைக்கழகங்களில் மாணவர்களும் ஊழியர்களுமாக நூற்றுக்கணக்கானோரை வெளியே வராதீர்கள் என்று தனிமைப்படுத்தினார்கள். தடுப்பூசிச் சான்றைக் காட்டியவர்களையும், ரத்தச் சோதனையில் தேறியவர்களையும் விட்டார்கள். அப்படி ஒரு நாள் உங்கள் மகளின் வளாகத்தில் வந்தால் திறந்து பார்க்கப்போவது இந்தக் காகிதத்தைத்தான். பொய்த் தேதி போட்டிருந்தால் ‘இவளுக்குப் பயமில்லை’ என்று அவளை நோய்க்கு நடுவில் விட்டுவிடுவார்கள். தட்டம்மைக்காரர் இருமிவிட்டுப் போன அறையின் காற்றில் கிருமி இரண்டு மணி நேரம் வரை இருக்கும். தடுப்பாற்றல் இல்லாத பத்துப் பேர் பக்கத்தில் இருந்தால் ஒன்பது பேருக்குத் தொற்றிக்கொள்ளும்.

பயிற்சி மருத்துவராக இருந்த காலத்தில் ஒரு பையனைப் பார்த்தேன். பதினோரு வயது. கைக்குழந்தையாக இருக்கும்போது தட்டம்மை வந்து, தண்ணீர் ஊற்றி, எல்லாம் நல்லபடியாக முடிந்திருந்தது. பல வருஷம் கழித்து, எழுதிக்கொண்டிருக்கும்போதே கை வெட்டி வெட்டி இழுக்க ஆரம்பித்தது. அவன் அம்மா நோட்டைக் கொண்டுவந்து காட்டினார். ஜூன் மாதம் முத்து முத்தாக இருந்த எழுத்து செப்டம்பரில் கோடாகிக் கிடந்தது. எஸ்.எஸ்.பி.ஈ. என்ற மூளை நோய் அது, மறைந்திருந்த தட்டம்மைக் கிருமியின் வேலை. அபூர்வமானதுதான், ஆனால் வந்தால் திருப்பிக் கொண்டுவர எங்களிடம் மருந்து கிடையாது. அந்த நோட்டைப் பார்த்த பிறகு போடாத ஊசியைப் போட்டதாக எழுதிக் கையெழுத்துப் போட எனக்குக் கை வந்ததில்லை.

காசநோய்ச் சோதனைக்கு வருவோம். கையில் ஊசி போட்டு மூன்றாம் நாள் தடிப்பை அளக்கும் மாண்டூ சோதனையைத் தவிர்க்கப் பாருங்கள். பிறந்ததும் போட்ட பி.சி.ஜி.யால் (இடது தோளில் தழும்பு இருக்கும் பாருங்கள்) நோய் இல்லாமலே தடித்துக் காட்டலாம். ‘இக்ரா’ எனப்படும் ரத்தச் சோதனையை பி.சி.ஜி. குழப்பாது, பெரும்பாலான பல்கலைக்கழகங்களும் நம் நாட்டு மாணவர்களிடம் இதையே விரும்புகின்றன. குவான்டிஃபெரான் என்று கேட்டால் லேபில் தெரியும். ஒரு எச்சரிக்கை: எம்.எம்.ஆர். போட்ட பிறகு என்றால் இந்தச் சோதனைக்கு நான்கு வாரம் காத்திருக்க வேண்டும். அதே நாளில் என்றால் பிரச்சினை இல்லை. முதலில் ரத்தம் கொடுத்துவிட்டு, பிறகு ஊசி.

‘பாசிட்டிவ்’ என்று வந்தால்? நம் ஊரில் எத்தனையோ பேருக்கு அப்படித்தான் வரும். என்றோ கிருமி உள்ளே வந்து உறங்குகிறது என்று அர்த்தம். நோய் வந்துவிட்டது என்றல்ல. அடுத்தவருக்குத் தொற்றாது. நெஞ்சு எக்ஸ்ரே எடுத்து, அது சுத்தமாக இருந்து, இருமல், மாலைக் காய்ச்சல், எடைக் குறைவு எதுவும் இல்லையென்றால் அதை டாக்டர் எழுதித் தருவார். அவள் கிளம்பலாம். மூன்று நான்கு மாத மாத்திரையை அங்கேயே பல்கலைக்கழக மருத்துவமனையில் சாப்பிடலாம். விசா ஏற்கெனவே கையில் இருக்கிறது, இந்த ரிப்போர்ட் போவது பல்கலைக்கழகத்துக்கு.

மூளை உறைக் காய்ச்சல் ஊசியைப் பற்றியும் ஒரு தாள் இருக்கும். நியூயார்க்கில் அதைப் போட்டே ஆக வேண்டும் என்று இல்லை. ஐந்து வருஷத்துக்குள் போட்டேன் என்றோ, படித்துப் பார்த்து வேண்டாம் என்று முடிவு செய்தேன் என்றோ கையெழுத்திட வேண்டும். மாணவர் விடுதியில் தங்கப்போகிறாள் என்றால் போட்டுவிடுங்கள் என்பேன், விலை கூடுதல்தான். டெக்சாஸில் 22 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு வகுப்பு தொடங்க 10 நாள் முன்பே இது கட்டாயம். அந்தச் சட்டம் ஜேமி ஷான்பாம், நிக்கோலிஸ் வில்லியம்ஸ் என்ற இரண்டு மாணவர்களின் பெயரில் இருக்கிறது. முன்னவர் இந்த நோயில் கால்களையும் விரல்களையும் இழந்தார், பின்னவர் இறந்துபோனார்.

காகித வேலையில் ஒரு இடம் பலரைக் கவிழ்த்துவிடும். நாம் நாள், மாதம், வருஷம் என்று எழுதுவோம். அவர்கள் மாதத்தை முதலில் எழுதுவார்கள். ஜூலை 8-ஆம் தேதி முதல் ஊசி, ஆகஸ்ட் 6-ஆம் தேதி இரண்டாவது ஊசி போட்ட ஒரு மாணவனுக்கு 08/07, 06/08 என்று நம் வழக்கப்படியே எழுதிக் கொடுத்திருந்தார்கள். அங்கே அது ஆகஸ்ட் 7, ஜூன் 8 ஆகிவிட்டது. இரண்டாவது ஊசி முதல் ஊசிக்கு முன்னால் வந்து நின்றது! பதிவு முடங்கி இரண்டு வாரம் அலைந்தான். மாதத்தை எழுத்தில் எழுதச் சொல்லுங்கள். பெயர் பாஸ்போர்ட்டில் உள்ளபடி இருக்கட்டும். பழைய அட்டைகளில் அம்மா பெயரைப் போட்டு ‘குழந்தை’ என்றுதான் இருக்கும். டாக்டரின் பதிவு எண்ணும் முத்திரையும் வேண்டும்.

பதிவு முடங்குவதைச் சின்ன விஷயமாக நினைக்காதீர்கள். வெளிநாட்டு மாணவர் முழுநேரப் படிப்பில் பதிவு செய்தால்தான் விசா நிலை செல்லும். வகுப்பு தொடங்கி 30 நாளுக்குள் அதைப் பல்கலைக்கழகம் அவர்கள் அரசுக்குத் தெரிவிக்க வேண்டும். ஊசிச் சான்றுக்கு நியூயார்க் சட்டம் தரும் அவகாசமும் 30 நாள்தான். வெளிநாட்டிலிருந்து வருபவர் முயற்சி செய்கிறார் என்று தெரிந்தால் 45 வரை நீட்டலாம். அதை நம்பி இங்கே சும்மா இருந்துவிட வேண்டாம்.

இந்த வாரமே தஞ்சாவூரிலோ திருச்சியிலோ பெரிய லேப் ஒன்றுக்குப் போங்கள். வார நாளில், காலையில் போவது நல்லது. இக்ராவுக்கு எடுத்த ரத்தத்தைச் சில மணி நேரத்துக்குள் பக்குவப்படுத்த வேண்டும், ஞாயிற்றுக்கிழமை கொடுத்தால் கெட்டுப்போகலாம். இரண்டு சோதனைக்கும் வெறும் வயிறு தேவையில்லை. மகளைச் சாப்பிட வைத்தே அழைத்துப் போங்கள்.