பாம்புகளை எடுத்துச் செல்லுகையில் வெளிச்சத்தையும் வெயிலையும் தடுத்தல்

களஞ்சியத்திலும் வைக்கோற்போரிலும் எலி பெருகுமிடத்திற்குச் சாரையும் நாகமும் வந்து சேர்வது இயல்பு. எலியைத் தின்னும் இவை வெள்ளாண்மைக்கு உதவி செய்யும் பிராணிகளேயாம். ஆயினும், வீட்டிலும் மாட்டுக்கொட்டகையிலும் புகுந்தவற்றை அப்புறப்படுத்துவது அவசியமாகிறது. 1972-ம் வருஷத்து வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி இவற்றை அனுமதியின்றிப் பிடிப்பதும், வைத்து வளர்ப்பதும், கொல்லுவதும் குற்றமாகும். ஆகையால் வனத்துறையினருக்குத் தகவல் கொடுத்து, பயிற்சி பெற்றவரைக் கொண்டே பிடிக்கச் செய்தல் வேண்டும். நன்றாய்ப் பிடிக்கப்பட்ட பாம்பும், கொண்டுபோகும் வழியில் கவனக்குறைவினால் மடிவதுண்டு. அதைத் தவிர்க்கும் முறை கீழே விவரிக்கப்படுகிறது.

இருளின் பயன்.— பாம்பிற்கு இமை கிடையாது. அதன் கண்ணை மூடியிருப்பது கண்ணாடி போன்ற ஒரு செதிலேயாகும். எனவே வெளிச்சத்தையும் ஆள் நடமாட்டத்தையும் அது காணாமலிருக்க இயலாது. கண்ணாடி ஜாடியிலோ, உட்புறம் தெரியும் பிளாஸ்டிக் டப்பாவிலோ அடைத்தால் ஓயாமல் முட்டி மோதி மூக்கு நுனியைப் புண்ணாக்கிக்கொள்ளும். இருட்டில் வைத்தால் சுருண்டு அடங்கிவிடும்.

வெயிலின் கெடுதி.— பாம்பு தன் உடற்சூட்டைப் பெரும்பாலும் சுற்றுப்புறத்திலிருந்தே பெறுகிறது. வயலில் வெயில் மிகுந்தால் வளைக்குள் புகுந்து தப்பும். பையில் அகப்பட்டதற்கு அவ்வழி இல்லை. வெயிலில் கிடக்கும் தகரப்பெட்டியும், கதவடைத்து நிறுத்திய மோட்டார் வண்டியும், உள்ளே இருட்டாயிருப்பினும், விரைவில் அடுப்பைப்போல் காய்ந்துவிடும். இருள் வேறு, குளிர்ச்சி வேறு, இரண்டும் வேண்டும்.

கையாளும் முறை.—

(1) நெருக்கமான நெசவும் பிரியாத தையலும் உடைய பருத்திப் பையே ஏற்றது. அது வெளிச்சத்தை மறைக்கும், காற்றைத் தடுக்காது.

(2) பையைக் காற்றுத் துளையுள்ள மரப்பெட்டியில் வைத்து மூடுதல் நலம். விஷப்பாம்பு துணிக்கு உள்ளிருந்தே கடிக்கக்கூடும். ஆதலால் முடிச்சுக்கு மேலேயே பிடிக்க வேண்டும். பை உடம்பில் படலாகாது. கடிபட்டவரைச் சிறிதும் தாமதியாமல் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகவேண்டும்.

(3) காலை, மாலை வேளைகளே பிரயாணத்திற்குத் தக்கவை. வண்டி நிற்குமிடம் நிழலாயிருக்க வேண்டும். எஞ்சினுக்கு அருகில் பெட்டியை வைக்கலாகாது.

(4) வேடிக்கை பார்ப்பவர்களுக்காக வழியில் பையை அவிழ்க்கலாகாது.

அனுபவத்தில் கண்டது.— செங்கற்பட்டு ஜில்லா வடநெம்மேலியில், 1978-ல் ஏற்பட்ட இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்தில், விஷமுறிவு மருந்துக்கு விஷம் எடுப்பதற்காகப் பிடிக்கும் பாம்புகளை மண்பானையிலிட்டு, வாயைப் பருத்தித் துணியால் கட்டி வைக்கிறார்கள். பானைக்குள் இருளும் குளிர்ச்சியும் ஒருங்கே அமைகின்றன. விஷம் எடுத்தபின் பாம்புகள் மீண்டும் வெளியில் விடப்படுகின்றன.

கிராம அதிகாரிகள் வனத்துறையின் தொலைபேசி எண்ணை எல்லோரும் காணும்படி எழுதி வைப்பதும், பாம்பு பிடிக்கும்போது கூட்டத்தை விலக்குவதும், பெட்டியை நிழலில் வைக்கச் செய்வதும் செலவில்லாத காரியங்கள். உயிருடன் விடப்படும் ஒவ்வொரு பாம்பும் மறுபடியும் எலியைத் தேடிச் செல்லும் என்பதைக் குடியானவர்கள் மறக்கலாகாது.