அழுத்தத்தால் உருகும் பனிக்கட்டியும் பனியாற்றின் நகர்வும்

கல்கத்தா நகரில் இயற்கையாகப் பனிக்கட்டி உறைந்ததை எவரும் கண்டதில்லை. ஆயினும் அந்நகரிலும் அலகாபாத்திலும் பனிக்கட்டி செய்யப்பட்டு வந்த முறையைச் சர் இராபர்ட் பார்க்கர் என்பவர் 1775ஆம் ஆண்டில் இலண்டன் இராயல் சங்கத்தின் வெளியீட்டில் விவரித்துள்ளார். நிலத்தில் பரந்த பள்ளம் தோண்டி, அதில் கரும்புத் தட்டைகளைப் பரப்பி, அவற்றின்மேல் ஆழமற்ற மண் தட்டுகளை வரிசையாக வைத்து, மாலையில் நீரூற்றுவர். தெளிந்த குளிர்கால இரவில் நீர், வானை நோக்கி வெப்பத்தைக் கதிர்வீசியும், ஆவியாகியும் குளிர்ந்து, தட்டுகளில் மெல்லிய ஏடாக உறையும். கதிரவன் எழுமுன் அதைத் திரட்டி, வைக்கோலும் கம்பளியும் இட்ட ஆழ்ந்த குழியில் கொட்டி, திமிசு கொண்டு இடிப்பர். உதிரியாக விழுந்த ஏடுகள் ஒரே பாளமாக இறுகிவிடும்.

உதிரிகள் ஒன்றாவதற்குக் காரணம், குழியில் சேர்ந்த மிகுந்த குளிர்ச்சியே என்று பார்க்கர் கருதினார். உண்மை ஏறக்குறைய இதற்கு எதிரானது. அப்பனிக்கட்டி கடுங்குளிர் நிலையில் இருந்திருந்தால், எவ்வளவு இடித்தும் உலர்மணல்போல் உதிர்ந்தே கிடந்திருக்கும். உருகுநிலையை ஒட்டி நின்றதனால்தான் அது எளிதில் ஒட்டிக்கொண்டது. கல்கத்தாவின் வெதுவெதுப்பு அத்தொழிலாளருக்கு இவ்வகையில் உதவியே புரிந்தது.

பெரும்பாலான பொருள்கள் உருகும்போது பருமனில் பெருகும். பனிக்கட்டியோ உருகுங்கால் ஏறத்தாழப் பன்னிரண்டில் ஒரு பங்கு சுருங்குகிறது. ஆகவே அதை அழுத்தினால், குறைந்த இடத்தை அடைக்கும் நீராக மாறுவது எளிதாகிறது; அதாவது உருகுநிலை தாழ்கிறது. இதனை 1849இல் ஜேம்ஸ் தாம்சன் கணக்கிட்டு உரைக்க, அவர்தம் உடன்பிறந்தார் வில்லியம் தாம்சன் மறு ஆண்டில் சோதனையால் மெய்ப்பித்தார். அழுத்தம் நீங்கியதும் உருகுநிலை பழைய நிலைக்கு உயர, நீர் மீண்டும் உறைகிறது. இதுவே மறு உறைவு எனப்படும். தாழ்வின் அளவு மிகச் சிறிது: ஒரு வளிமண்டல அழுத்தத்திற்கு 0.0074 சென்டிகிரேடு பாகை மட்டுமே. ஒரு பாகை தாழ்த்த ஏறக்குறைய 135 வளிமண்டல அழுத்தம் வேண்டும்.

பனிக்கட்டிப் பாளத்தின்மேல் மெல்லிய கம்பியைக் குறுக்கே இட்டு, இரு முனைகளிலும் எடைகளைத் தொங்கவிடும் சோதனை பள்ளிகளில் வழக்கமானது. கம்பி பாளத்தை ஊடுருவிக் கீழே வரும், பாளமோ துண்டாவதில்லை. அரை மில்லிமீட்டர் கம்பி, ஐந்து சென்டிமீட்டர் அகலமுள்ள பாளத்தின்மேல் மொத்தம் பத்துக் கிலோகிராம் எடையைத் தாங்கினால், அழுத்தம் சுமார் 40 வளிமண்டலம். உருகுநிலைத் தாழ்வு 0.3 பாகை. இங்கு ஆசிரியர் பலர் கூறாது விடும் செய்தி ஒன்றுண்டு. கம்பிக்கு மேலே நீர் உறையும்போது ஒரு கிராமுக்கு 80 கலோரி உள்ளுறை வெப்பம் வெளிப்படுகிறது. அவ்வெப்பம் கம்பியின் வழியே கீழிறங்கி, அடியிலுள்ள பனிக்கட்டியை உருக்குகிறது. எனவே, வெப்பத்தை நன்கு கடத்தும் செப்புக் கம்பி விரைந்து இறங்க, நைலான் இழை தயங்கி நிற்கும். நம் நாட்டுச் சூடான வகுப்பறைகளில் வெளிக்காற்றின் வெப்பமும் கம்பியின் வழியே புகுந்து முடிவைக் குழப்பும். பாளத்தையும் கம்பியையும் பனிப்பெட்டிக்குள் வைத்துச் செய்தல் நலம்.

எல்லா ஒட்டுதலும் அழுத்தத்தால் விளைவதன்று. ஈரமான இரு பனித்துண்டுகள் தொட்ட அளவிலேயே ஒட்டிக்கொள்வதைப் பாரடே 1850இல் காட்டினார். பனிக்கட்டியின் புறப்பரப்பில் உருகுநிலைக்குச் சற்றுக் கீழேயும் நீர்போன்ற மெல்லிய படலம் உண்டென்பது இன்று தெளிவாகியுள்ளது. கல்கத்தாக் குழியிலும் அதன் பங்கு இருந்திருக்க வேண்டும். பனிச்சறுக்கு வீரர் அழுத்தத்தால் பனியை உருக்கியே வழுக்குகிறார் என்று பாடநூல்கள் கூறுவதும் போதிய விளக்கமன்று. உராய்வு வெப்பமும் இப்படலமும் அங்கு மிகுதியாக உதவுகின்றன.

கொல்கத்தாவைத் தலைமையிடமாகக் கொண்ட இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையினர், 1906ஆம் ஆண்டிலேயே குமாவோன் பகுதியின் பிண்டாரி, மிலம் முதலிய பனியாறுகளின் முகப்புகளை ஆய்ந்து குறித்தனர். வங்காளத்துக்குப் பாய்ந்து வரும் தீஸ்தாவுக்கு நீர் தரும் சிக்கிமின் செமு பனியாறும் புகழ்பெற்றது. இத்தகைய பனியாறொன்றில் 300 மீட்டர் தடிப்புள்ள பனிக்கட்டி, தன் அடித்தளத்தை ஏறத்தாழ 27 வளிமண்டல அளவு அழுத்துகிறது. அங்கே உருகுநிலை 0.2 பாகைதான் தாழும். இத்துணைச் சிறிய தாழ்வு மலைபோன்ற பனியை எங்ஙனம் நகர்த்தும்?

அடிப்பாறையின் மேடு ஒன்றைக் கருதுக. வந்து மோதும் பக்கத்தில் அழுத்தம் மிகுதி. அங்குப் பனிக்கட்டி உருகுகிறது. நீர் மேட்டைச் சுற்றி வழிந்து, அழுத்தம் குறைந்த மறுபக்கத்தில் உறைகிறது. அவ்வாறு உறைகையில் வெளிப்படும் வெப்பம் பாறையினூடே திரும்பி வந்து, முன்பக்கத்தில் மேலும் உருகச் செய்கிறது. செப்புக் கம்பி செய்த பணியை இங்குப் பாறை செய்கிறது. மேடு பெரிதானால் வெப்பம் கடக்கும் தொலைவு மிகுந்து, இம்முறை மந்தமாகும். அப்போது பனிக்கட்டி இளகி வளைந்து மேட்டைச் சூழ்ந்து செல்லும். சிறு மேடுகளை மறு உறைவாலும், பெரு மேடுகளை வளைவாலும் பனியாறு கடக்கும் என்பதை 1957இல் வீர்ட்மன் விளக்கினார்.

பனியாற்றின் நகர்வு முழுமைக்கும் மறு உறைவே காரணம் என்ற பழைய கொள்கை இன்று ஏற்கப்படுவதில்லை. பனிப்படிகங்கள் தம் எடையாலேயே மெல்ல உருமாறி வழிவதும், அடித்தள நீர் வழுக்கச் செய்வதும் பெரும் பங்குடையன. அடித்தளம் உருகுநிலைக்கு மிகக் கீழே குளிர்ந்து பாறையோடு உறைந்துவிட்ட பனியாறுகளில் அடிச்சறுக்கல் ஏறக்குறைய இல்லை.

முகப்பு பின்வாங்குகிறது என்று படிக்கும் மாணவர், பனிக்கட்டியே மேல்நோக்கிப் போவதாக எண்ணுவதுண்டு. பனிக்கட்டி எப்போதும் கீழ்நோக்கியே வருகிறது. வரும் அளவைவிட உருகும் அளவு மிகுவதால் முகப்பு மட்டும் பின்னே செல்கிறது. பாறையில் இட்ட குறியிலிருந்து அளந்தால் கிடைப்பது முகப்பின் இடமே. நகர்வின் வேகத்தை அறிய, பனிப்பரப்பின்மேல் கழிகளை நட்டு, அவற்றை அசையாத பாறைக்குறிகளிலிருந்து காலந்தோறும் அளத்தல் வேண்டும்.