பாடம் 7: அரண்மனைக்குப் பட்டு நெய்தவர்கள்

நுழையும்முன்

அரசர்களின் பெயர்களை வரலாறு கூறும். அவர்கள் உடுத்த ஆடையை நெய்தவர்கள் யாவர்? அவர்கள் எம்மொழி பேசினர்? இப்பாடம் அதனை விளக்குகிறது.

மதுரையை 1623 முதல் 1659 வரை ஆண்டவர் திருமலை நாயக்கர். அவர் எழுப்பிய மகாலின் பெருந்தூண்களை இன்றும் மக்கள் அண்ணாந்து நோக்கி வியக்கின்றனர். அத்தகைய அரசவைக்குப் பட்டாடை இன்றியமையாதது. அரசர் உடுத்துவதற்கு மட்டுமன்று. கோயிலில் இறைவனுக்குச் சாத்தவும், புலவர்க்கும் தூதுவர்க்கும் அளித்துச் சிறப்பிக்கவும் பட்டு வேண்டும். ஆகவே, தேர்ந்த நெசவாளரை அரசர்கள் ஆதரித்தனர். மதுரையில் அவ்வாறு தழைத்தவர்களே பட்டுநூல்காரர் எனப்பட்ட சௌராஷ்டிர மக்கள்.

இவர்களின் முன்னோர் இன்றைய குஜராத்தின் சௌராஷ்டிரப் பகுதியிலிருந்து புறப்பட்டு, தேவகிரியிலும் விஜயநகரத்திலும் தங்கி, பின்னர் மதுரை, தஞ்சாவூர் முதலிய ஊர்களை அடைந்தனர் என்பது அவர்களிடையே வழங்கும் மரபுச் செய்தி. தேவகிரி நம் மகாராஷ்டிரத்தில் உள்ளது. இன்று தௌலதாபாத் எனப்படுகிறது. இவ்வழியைக் கூர்ந்து நோக்குங்கள். தேவகிரி யாதவர்களின் தலைநகர். விஜயநகரம் ஒரு பேரரசின் தலைநகர். மதுரையும் தஞ்சையும் நாயக்கர்களின் தலைநகர்கள். அரசவை இருந்த இடத்திற்குத் தறியும் சென்றது. நிலத்தையும் வீட்டையும் உடன்கொண்டு செல்ல இயலாது. கைத்திறனையும் மொழியையும் கொண்டு செல்லலாம்.

1736இல் மதுரை நாயக்கர் ஆட்சி முடிவுற்றது. அரசவை மறைந்தபோதும் நெசவாளர் மறையவில்லை. பொதுமக்கள் உடுத்தும் சுங்குடிச் சேலை இவர்களின் கைவண்ணமே. பருத்தித் துணியைச் சிறு சிறு புள்ளிகளாகக் கிள்ளி, நூலால் முடிச்சிட்டு, சாயத்தில் தோய்ப்பர். முடிச்சை அவிழ்த்தால் சாயம் படாத இடங்கள் வெண்புள்ளிகளாகத் தோன்றும். மும்பைக் கடைகளில் நீங்கள் காணும் குஜராத்திப் பாந்தணித் துணியும் இவ்வாறு முடிச்சிட்டுச் சாயமேற்றியதே.

இம்மக்கள் வீட்டில் சௌராஷ்டிர மொழியும் வெளியில் தமிழும் பேசுகின்றனர். அம்மொழிக்குத் தனி எழுத்தும் உண்டு. 2011ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி, அதனைத் தாய்மொழியாகக் கூறியவர் ஏறத்தாழ 2.5 இலட்சம் பேர். வீட்டுமொழியைக் காத்தமையால் அவர்களின் தமிழ் குறைவுபடவில்லை. தெளிந்த தமிழ் உச்சரிப்புக்குப் புகழ்பெற்ற பாடகர் டி. எம். சௌந்தரராஜனும், 'காதுகள்' புதினத்திற்காக 1993இல் சாகித்திய அகாதெமி விருது பெற்ற எழுத்தாளர் எம். வி. வெங்கட்ராமும் இச்சமூகத்தினரே.

சௌராஷ்டிரத்திலிருந்து மும்பைக்கு வந்தவர்களும் உளர். தாராவியின் கும்பார்வாடாவில் மண்பாண்டம் வனையும் குயவர்களின் முன்னோர் அவ்வாறு வந்தவர்கள். அதே தாராவிக்குத் திருநெல்வேலிப் பகுதியிலிருந்து தோல் பதனிடும் தொழிலுக்காகத் தமிழர் வந்தனர். மதுரையில் தமிழர் நடுவே சௌராஷ்டிர மொழி வாழ்கிறது. மும்பையில் மராத்தி, இந்தி ஆகியவற்றின் நடுவே தமிழ் வாழ்கிறது. வீட்டில் பேசுவோர் உள்ளவரை இரண்டும் வாழும்.

சொற்பொருள்

தழைத்தல் – செழித்து வளர்தல்
சாத்துதல் – இறைவனுக்கு அணிவித்தல்
வனைதல் – மண்ணால் பாண்டம் செய்தல்
புதினம் – நாவல்

பயிற்சி

1. அரசவைக்குப் பட்டாடை தேவைப்பட்டதற்குரிய காரணங்கள் யாவை?
2. பட்டுநூல்காரர் தங்கிய ஊர்களை வரிசைப்படுத்தி, இந்திய வரைபடத்தில் குறிக்க.
3. 'அரசவை மறைந்தபோதும் நெசவாளர் மறையவில்லை' – விளக்குக.
4. பிரித்து எழுதுக: பட்டாடை, வெண்புள்ளி.
5. உங்கள் தாத்தா, பாட்டி அல்லது பெற்றோரிடம் அவர்கள் அறிந்த தொழில் ஒன்றைப் பற்றிக் கேளுங்கள். அத்தொழிலில் வழங்கும் ஐந்து தமிழ்ச் சொற்களைப் பொருளுடன் எழுதி, வகுப்பில் படித்துக் காட்டுக.