பூப்பாகும் குளிர்தேநீரும்

இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி., வேதியியல்

பூவைக் கூந்தலில் சூடுகிறோம், கோயிலில் சாத்துகிறோம், மங்கல நாளில் மாலையாகத் தொடுக்கிறோம். அதே பூ அடுக்களைக்கும் உரியது என்பதை நம் முன்னோர் நன்கு அறிந்திருந்தனர். வாழைப்பூப் பொரியலும் வேப்பம்பூ ரசமும் அகத்திப்பூக் கூட்டும் நமக்குப் புதியவை அல்ல. ஆவாரம்பூவை நிழலில் உலர்த்தி, கொதிநீரில் இட்டுப் பருகும் வழக்கமும் நம் நெல்லைச் சீமையில் உண்டு. ஆனால் பெருநகர உணவு விடுதிகளில் பூவின் பாகு கலந்த குளிர்தேநீர் நீண்ட கண்ணாடிக் குவளையில் வந்து நிற்கும்போது, அதை ஏதோ மேல்நாட்டு விந்தை என்று எண்ணி வியக்கிறோம். அப்பானத்தை வீட்டிலேயே செய்யும் முறையையும், அதனுள் அடங்கியுள்ள வேதியியலையும் விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

பாகின் பழமை

சர்க்கரைப் பாகில் பூ, வேர், இலை ஆகியவற்றின் சாரத்தைச் சேமிப்பது பழைய கலை. சித்த மருத்துவத்தில் இதற்கு 'மணப்பாகு' என்று அழகிய பெயர் வழங்குகிறது. ஆடாதோடை மணப்பாகு பலரும் அறிந்ததே. 1964-இல் தொடங்கப்பெற்ற அரசு சித்த மருத்துவக் கல்லூரி நம் பாளையங்கோட்டையில் இருப்பதால், மணப்பாகு என்னும் சொல் இவ்வூராருக்கு அந்நியமன்று. கோடைக்காலத்தில் நாம் விரும்பிக் குடிக்கும் நன்னாரி சர்பத்தும் இவ்வினத்தைச் சேர்ந்ததே. 'சர்பத்', 'சிரப்' என்னும் இரு சொற்களும் குடித்தலைக் குறிக்கும் ஒரே அரபு வேரிலிருந்து பிறந்தவை என்பது சுவையான செய்தி.

வேதியியல் மாணவர்களாகிய நமக்குப் பூப்பாகின் மீது தனி உரிமையும் உண்டு. வாயு விதியால் நாம் அறிந்த ராபர்ட் பாயில், 1664-இல் நிறங்களைப் பற்றி ஒரு நூல் வெளியிட்டார். வயலட் பூவின் பாகில் அமிலத்தை விட்டால் சிவக்கிறது, காரத்தை விட்டால் பச்சையாகிறது என்று அதில் அவர் எழுதினார். மருந்துக் கடையில் இருந்த பூப்பாகே ஆய்வுக்கூடத்தில் நிறங்காட்டியாக மாறியது! இன்று நாம் பியூரெட்டின் கீழ் இரண்டு சொட்டு பினால்ப்தலீன் விடுகிறோமே, அதற்கு மூத்தது பூப்பாகு எனலாம்.

எந்தப் பூ?

முதலில் தெளிய வேண்டிய வினா இது. எல்லாப் பூவும் உண்ணத்தக்கதன்று. செம்பருத்தி, பன்னீர் ரோஜா, சங்குப்பூ, ஆவாரம்பூ ஆகியவை நம் வழக்கில் உள்ளவை. அரளியோ கொடிய நஞ்சு. செவ்வரளியாயினும், தங்க அரளி எனப்படும் மஞ்சள் அரளியாயினும், அவற்றின் பூ, இலை, விதை அனைத்திலும் இதயத் துடிப்பைக் குலைக்கும் கிளைக்கோசைடுகள் உள்ளன. கொதிக்க வைப்பதால் அந்நஞ்சு நீங்கிவிடாது. 2024 மே மாதத்தில் திருவிதாங்கூர் தேவசம் போர்டு தன் கோயில்களில் நைவேத்தியத்திலும் பிரசாதத்திலும் அரளிப்பூ சேர்ப்பதைத் தடை செய்தது. பூசைத் தட்டில் செம்பருத்தியும் அரளியும் அருகருகே இருப்பதாலேயே இரண்டும் ஒன்றாகிவிடா. ஐயம் சிறிதேனும் இருப்பின் அப்பூவை விலக்குக. தாவரவியல் துறை நண்பர் ஒருவரிடம் காட்டிக் கேட்பதில் இழுக்கொன்றும் இல்லை.

சந்தையில் வாங்கும் பூவும் ஆகாது. மாலைக்கென விளைவித்த பூ உணவுக்கென விளைந்ததன்று, பூச்சிமருந்து தெளிக்கப்பட்டிருக்கலாம். வீட்டுக் கொல்லையில், மருந்து படாது பூத்த பூவே நமக்கு வேண்டுவது.

பாகு செய்யும் முறை

வேண்டிய பொருள்கள்: சிவந்த ஒற்றையடுக்குச் செம்பருத்திப்பூ 30, நீர் 500 மி.லி., வெள்ளைச் சர்க்கரை 800 கிராம், எலுமிச்சம்பழம் 2.

காலையில் மலர்ந்த பூவைப் பறித்து, பச்சைப் புல்லிவட்டத்தையும் நடுவேயுள்ள மகரந்தத் தண்டையும் நீக்கி, இதழ்களை மட்டும் அலச வேண்டும். எவர்சில்வர்ப் பாத்திரத்தில் நீரைக் கொதிக்க வைத்து இறக்கி, இதழ்களை இட்டு மூடி, கால் மணி நேரம் விடுக. இதழ் வெளிறும், நீர் ஊதா நிறம் பெறும். அதனை மெல்லிய துணியில், பிழியாமல், தானே வடியவிட வேண்டும். பிழிந்தால் இதழின் கொழகொழப்பும் சேர்ந்து வந்துவிடும். வடிந்த நீரில் 400 மி.லி. அளந்து, சர்க்கரையைச் சேர்த்து, இளஞ்சூட்டில் கரையும் வரை மட்டும் கிளறுக. ஆறியபின் எலுமிச்சைச் சாற்றை வடிகட்டி ஊற்றினால், ஊதாநிறம் கண்முன்னே செக்கச் சிவந்துவிடும். ஏறத்தாழ 900 மி.லி. பாகு கிடைக்கும். கொதிநீரில் கழுவி நன்கு உலர்த்திய கண்ணாடிப் புட்டியில் அடைத்துக் குளிர்பெட்டியில் வைத்து, ஒரு மாதத்திற்குள் பயன்படுத்திவிடலாம்.

இரும்பு வாணலியும் அலுமினியப் பாத்திரமும் இதற்கு உதவா. பூவின் நிறமி இவ்வுலோகங்களுடன் இணைந்து கருநீலமாகும். கருப்பட்டி போட்டால் என்ன என்று கேட்கத் தோன்றும். உடன்குடிக் கருப்பட்டியின் சுவைக்கு ஈடில்லைதான். எனினும் அதன் கருநிறம் பூவின் நிறத்தை மறைத்துவிடும்.

400 மி.லி. நீருக்கு 800 கிராம் சர்க்கரை எதற்கு? எலுமிச்சை சேருமுன் இதன் செறிவு எடையில் மூன்றில் இரண்டு பங்கு, அதாவது 66.7 விழுக்காடு. இந்திய மருந்து நூல் கூறும் எளிய பாகின் அளவும் இதுவே. இச்செறிவில் நீர் மூலக்கூறுகள் பெரும்பாலும் சர்க்கரையுடன் பிணைந்து நிற்பதால், நுண்ணுயிர் வளரத் தேவையான நீர் அதற்குக் கிடைப்பதில்லை. ஊறுகாயில் உப்பு செய்யும் வேலையைப் பாகில் சர்க்கரை செய்கிறது. சர்க்கரையைக் குறைத்தால் பாகு சில நாட்களில் புளித்துவிடும். ஈரக் கரண்டியை விடலாகாது என்று வீட்டில் கண்டிப்பதன் பொருளும் இதுதான்.

தேநீர்

தேயிலைக்கும் நம் ஆற்றுக்கும் உறவுண்டு. தாமிரபரணியில் கலக்கும் மணிமுத்தாற்றின் மேலுள்ள மாஞ்சோலை மலையை, சிங்கம்பட்டி ஜமீனிடமிருந்து 1929-இல் 99 ஆண்டுக் குத்தகைக்குப் பெற்றுத் தேயிலைத் தோட்டம் அமைத்தனர். தலைமுறைகளாக அங்குக் கொழுந்து கிள்ளிய தொழிலாளர்களின் வேலை 2024-இல் முடிவுக்கு வந்தது. ஆதலின் இன்று நாம் வாங்கும் பொட்டலத்தில் இருப்பது வேறு மலைத் தேயிலை.

குளிர்தேநீரோ அமெரிக்காவில் பரவிய பழக்கம். 1904-இல் செயின்ட் லூயி பொருட்காட்சியில் அது பிறந்ததாகப் பலரும் எழுதுவர். ஆயினும் 1879-இல் வெளியான வர்ஜீனியாச் சமையல் நூலொன்றிலேயே அதன் செய்முறை உள்ளது. நமக்கு முறை எளிது. நான்கு குவளைக்கு 600 மி.லி. கொதிநீரில் மூன்று தேக்கரண்டித் தேயிலையிட்டு, நான்கு நிமிடத்தில் வடிகட்டுக. உடனே பனிக்கட்டியில் ஊற்றினால் தேநீர் கலங்கிப் பால்போல் தோன்றும். தேயிலையின் காஃபீனும் பாலிபினால்களும் குளிரில் ஒன்றுகூடிப் பிரிவதே அதற்குக் காரணம். கெட்டுவிட்டது என்று கொட்ட வேண்டியதில்லை. தேநீரைத் தானே ஆறவிட்டுப் பின்னர்ப் பனிக்கட்டி சேர்த்தால் இக்கலக்கம் குறையும். குவளைக்கு 30 மி.லி. பாகு ஊற்றி, அதன்மேல் தேநீரையும் பனிக்கட்டியையும் இட்டுக் கலக்கிப் பருகலாம். பனிக்கட்டியும் காய்ச்சி ஆறிய நீரில் உறைந்ததாக இருத்தல் நலம்.

நிறம் மாறுவது ஏன்?

செம்பருத்தியின் நிறத்துக்குக் காரணம் ஆந்தோசயனின் என்னும் நிறமி. அமிலத்தில் அது நேர்மின்னூட்டம் பெற்ற சிவந்த வடிவில் இருக்கிறது. அமிலம் குறையக் குறைய புரோட்டானை இழந்து ஊதாவாகவும், பின் நீலமாகவும் மாறுகிறது. மிகுந்த காரத்தில் மூலக்கூற்றின் வளையமே திறந்து மஞ்சளாகிறது. நீலமும் மஞ்சளும் சேர்ந்த நிலையில் நம் கண்ணுக்குப் பச்சை தெரியும். சங்குப்பூவின் நீலமும் இவ்வினத்து நிறமியே. எலுமிச்சை பட்டால் அது ஊதாவாகும். ஆவாரம்பூவின் மஞ்சளோ வேறு இனம். எலுமிச்சைக்கு அது அசைந்து கொடுப்பதில்லை.

இதைக் காண ஆய்வுக்கூடம் தேவையில்லை. எங்கள் வீட்டில் கல்லூரிக்கு வந்த முதல் ஆள் நான். "அங்க என்னதான் சொல்லிக் குடுக்காவ?" என்று அம்மா ஒருநாள் கேட்டாள். எலுமிச்சை சேர்க்காத பூநீரை மூன்று தம்ளரில் ஊற்றி, ஒன்றில் புளிக்கரைசலும் மற்றொன்றில் ஆச்சியின் வெற்றிலைப் பெட்டிச் சுண்ணாம்பின் தெளிநீரும் விட்டேன். ஒன்று சிவந்தது, ஒன்று பச்சையானது, மூன்றாவது ஊதாவாகவே நின்றது. அமிலம், காரம் என்னும் சொற்களை அம்மா அன்று முதல் மறக்கவில்லை.

மருந்தா, பானமா?

இங்குதான் படித்தவர்களின் பொறுப்பு தொடங்குகிறது. இரத்த அழுத்தத்திற்கு நாள்தோறும் மாத்திரை உண்ணும் என் ஆச்சி ஒருநாள் கேட்டாள்: "ஏட்டி, இந்தப் பூத்தண்ணியக் குடிச்சா மாத்திரைய நிறுத்திரலாம்னு சொல்லுதாவளே, நெசமா?"

அச்சொல் எங்கிருந்து வந்தது என்று தேடிப் படித்தேன். அமெரிக்காவின் டஃப்ட்ஸ் பல்கலைக்கழகத்தார் 2010-இல் ஓர் ஆய்வு வெளியிட்டனர். அழுத்தம் சற்றே மிகுந்த 65 பேரில் ஒரு சாரார் நாளுக்கு மூன்று கோப்பை வீதம் ஆறு வாரம் 'ஹைபிஸ்கஸ்' தேநீர் பருகினர். அவர்களுடைய மேல் அழுத்தம் சராசரியாக 7.2 மி.மீ. குறைந்தது, போலிப் பானம் பருகியோர்க்கு 1.3 மி.மீ. குறைந்தது. நல்ல செய்திதான். ஆனால் அவர்கள் பருகியது ஹைபிஸ்கஸ் சப்டாரிஃபா என்னும் புளிச்சை இனத்துச் செடியின் சிவந்த புல்லிவட்டம். நம் கொல்லைச் செம்பருத்தி ஹைபிஸ்கஸ் ரோசா-சைனென்சிஸ். பேரினம் ஒன்று, சிற்றினம் வேறு. ஒன்றின் ஆய்வை மற்றொன்றுக்கு ஏற்றிக் கூறுதல் அறிவியல் ஆகாது. மேலும் அவ்வாய்வு மாத்திரைக்குப் பதிலாகப் பூவை வைத்துச் செய்ததும் அன்று. ஆச்சியிடம் இதை அவளுக்கு விளங்கும் மொழியில் சொன்னேன்: "ஆச்சி, அது வேற செடி. மாத்திரைய விட்ராத, பூத்தண்ணி ருசிக்குத்தான்." அவள் மாத்திரையை நிறுத்தவில்லை.

சர்க்கரைக் கணக்கையும் பார்க்க வேண்டும். 30 மி.லி. பாகில் ஏறத்தாழ 25 கிராம் சர்க்கரை உள்ளது. சேர்க்கும் சர்க்கரையைப் பொதுவாக ஒரு நாளைக்கு ஏறத்தாழ 25 கிராமுக்குள் நிறுத்துவது மேலும் நன்று என்று உலக சுகாதார நிறுவனம் 2015-இல் கூறியது. ஆக ஒரு குவளையிலேயே நாளின் பங்கு முடிந்துவிடுகிறது! பாகைப் பாதியாகக் குறைத்துப் பருகலாம். நீரிழிவு உள்ளோர் பாகைத் தவிர்த்து, சர்க்கரையில்லாத பூநீரை மட்டும் தேநீரில் கலந்து கொள்ளட்டும். கருவுற்ற மகளிர் மருத்துவரைக் கேளாமல் செம்பருத்தியைப் பருகலாகாது.

இவ்வளவையும் கூறியது பூப்பாகின் சுவையைக் குறைப்பதற்கன்று. அச்சம் நீங்கிப் பருகும்போதுதான் சுவை முழுமையாகும். நம்மில் பலர் ஏடறியாத இல்லங்களிலிருந்து வந்தவர்கள். அவ்வில்லங்களில் கைப்பழக்கமாய் நிற்கும் அறிவு குறைவன்று. அதற்குக் காரணம் காட்டுவதும், அதனோடு ஒட்டிக்கொண்ட பொய்யைப் பிரித்து எடுப்பதும் நம் கடமை. கோடை விடுமுறையில் ஊருக்குச் செல்லும் நண்பர்களே! கொல்லையில் செம்பருத்தி பூத்திருந்தால், அதன் பெயரை உறுதி செய்துகொண்டு, அளவு பிசகாமல் பாகு காய்ச்சுங்கள். ஏன் சிவந்தது என்று வீட்டாருக்கும் எடுத்துச் சொல்லுங்கள்.