மூன்று நாள் பினாங்கு: எதைப் பார்ப்பது, எதை விடுவது?

கேள்வி: நானும் என் மனைவியும் வரும் பிப்ரவரியில் மூன்று நாள் பினாங்கு போகலாம் என்றிருக்கிறோம். பழைய தெருக்கள், வழிபாட்டு இடங்கள், உள்ளூர்ச் சாப்பாடு, இவைதான் எங்களுக்குப் பிடித்தவை. ஆனால் பயண முகவர் தந்த பட்டியலில் மலை ரயில், கடற்கரை, பட்டாம்பூச்சிப் பூங்கா, லங்காவித் தீவு என்று பதினான்கு இடங்கள் இருக்கின்றன. நான் எல்லாம் சாப்பிடுவேன். மனைவி முட்டைகூடத் தொடாத சைவம். இருவருக்கும் நிறைவாக இருக்க எப்படித் திட்டமிடுவது?
– ஒரு வாசகர், திருச்சி

பதில்: முதலில் லங்காவியை அடித்துவிடுங்கள். அது வேறு தீவு. போய்வரவே ஒரு நாள் போய்விடும். கடற்கரையும் பூங்காவும் உங்கள் விருப்பப் பட்டியலிலேயே இல்லை. வந்திறங்கும் பொழுதும் கிளம்பும் பொழுதும் போக உங்கள் கையில் மிஞ்சுவது இரண்டு நாள் சொச்சம். அதை முழுக்க ஜார்ஜ் டவுன் என்ற பழைய நகரத்துக்கே கொடுங்கள் என்பதுதான் என் யோசனை. 2008-இல் மலாக்காவோடு சேர்த்து யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் ஏற்ற நகரம் அது. பட்டியலில் உள்ள மையப் பகுதியின் பரப்பு சுமார் 109 ஹெக்டேர்தான். காலாலேயே அளந்துவிடலாம். தங்கும் அறையையும் அதற்குள்ளேயே எடுங்கள். மதியம் வெயில் கொளுத்தும்போது அறைக்குத் திரும்பிப் படுத்துவிட்டு நாலரை மணிக்கு மறுபடி இறங்கலாம். கடற்கரை விடுதியில் தங்கினால் அது நடக்காது.

முதல் காலை ஒரே ஒரு தெருவுக்கு. பிரான்சிஸ் லைட் 1786-இல் இந்தத் தீவைக் கிழக்கிந்தியக் கம்பெனியின் பெயரில் எடுத்துக்கொண்டு துறைமுகத்தைத் திறந்தபோது பல திசையிலிருந்தும் வணிகர்களும் கூலிகளும் வந்து இறங்கினார்கள். அவரவர் தெய்வத்தையும் கூடவே கொண்டுவந்தார்கள். இன்று கபித்தான் கிளிங் பள்ளிவாசல் சாலை என்று அழைக்கப்படும் தெருவில் அதை வரிசையாகப் பார்க்கலாம். வடக்கு முனையில் 1818-இல் கட்டிய புனித ஜார்ஜ் தேவாலயம். சற்றுத் தள்ளி, ஊதுபத்திப் புகை ஓயாத சீனர்களின் கருணை அம்மன் கோயில். அடுத்துக் குயின் தெருப் பக்கம் 1833-இல் எழுந்த மகாமாரியம்மன் கோயில். பிறகு சோழமண்டலக் கரையிலிருந்து வந்த தமிழ் முஸ்லிம் வணிகர்களின் தலைவர் காதர் முகைதீன் எழுப்பிய பள்ளிவாசல். முதலாவதிலிருந்து கடைசிக்குப் பத்து நிமிட நடை. நீங்கள் ஒரு காலைப்பொழுதையே கொடுங்கள். மாரியம்மன் கோயில் நண்பகலில் நடை சாத்திவிடும், அதனால் எட்டு மணிக்குள் தொடங்கிவிடுங்கள்.

அங்கிருந்து சூலியா தெருவுக்குத் திரும்பினால் நாகூர் தர்கா ஷெரீப் இருக்கிறது. நம் நாகூர் ஆண்டவரை நினைந்து, கடல் கடந்த தமிழர்கள் 1800-களின் தொடக்கத்தில் எழுப்பிய சிறிய கட்டடம். முகவர்களின் பட்டியலில் இது அநேகமாக இருக்காது. என்னைக் கேட்டால் ஒரு திருச்சிக்காரர் இதைப் பார்க்காமல் திரும்பக் கூடாது. நாகப்பட்டினத்துக்கும் இந்தத் துறைக்கும் நடுவே ஓடிய கப்பல்களின் வரலாறு முழுதும் அந்தச் சின்னக் கட்டடத்தில் நிற்கிறது.

மதியச் சாப்பாடும் அந்த வரலாற்றின் தொடர்ச்சிதான். நாசி கண்டார் என்பது பினாங்கில் பிறந்த தமிழ் முஸ்லிம் உணவு. தோளில் ஒரு கம்பு, ஒரு முனையில் சோற்றுப் பானை, மறுமுனையில் குழம்புப் பானை; இப்படித்தான் துறைமுகத் தொழிலாளர்களுக்கு அதை விற்றார்கள். கம்பு போய்க் கடை வந்தது. கேம்பல் தெருவில் உள்ள ஹமீதியா 1907-இலிருந்து நடக்கிறது. வரிசையில் நின்று சோறு வாங்கி, வெண்டைக்காய், கோழி, மீன், கணவாய் என்று கைகாட்டிய பிறகு நாலைந்து குழம்பையும் கலந்து ஊற்றச் சொல்லுங்கள். இதற்கு மலாயில் ‘பஞ்சிர்’ என்று சொன்னால் சோறு தெரியாத அளவுக்கு ஊற்றுவார்கள். தனித்தனியாக வாங்கிச் சாப்பிட்டால் அந்த ருசி வராது; கலவையில்தான் இருக்கிறது சூட்சுமம். மாட்டுக்கறியும் அதே வரிசையில் இருக்கும், வேண்டாமென்றால் முதலிலேயே சொல்லிவிடுங்கள். பெரிய இறாலும் மீன் தலையும் விலை கூடியவை, எடுக்கும் முன் கேட்டுக்கொள்ளுங்கள். தமிழிலேயே கேட்கலாம், பல கடைகளில் பரிமாறுகிறவர் தமிழ் பேசுவார்.

உங்கள் மனைவிக்கு அந்த வரிசை ஒத்துவராது. ஒரே கரண்டி பல பாத்திரங்களில் புழங்கும். அவருக்கு இரண்டு நல்ல வழிகள் உண்டு. குயின் தெரு, பினாங்கு தெரு, பாசார் தெரு சூழ்ந்த குட்டி இந்தியாவில் வாழையிலைச் சாப்பாடும் தோசையும் கிடைக்கும். ஆனால் அங்கேயே மூன்று நாளும் சாப்பிட்டால் திருச்சியிலேயே இருந்திருக்கலாமே என்று தோன்றும். அதனால் இரண்டாவது வழியையும் பாருங்கள்: பௌத்தர்கள் நடத்தும் சீன சைவக் கடைகள். பல கடைகளில் வெங்காயம், பூண்டுகூடச் சேர்ப்பதில்லை. நூடுல்ஸ், காளான், சோயாவில் செய்த பலவகைப் பதார்த்தங்கள் இருக்கும். முட்டை உண்டா என்று மட்டும் கேட்க வேண்டும். மற்ற கடைகளில் ஒரு எச்சரிக்கை: கீரை வதக்கல் சைவம்போலத் தெரியும், ஆனால் அதில் பெலச்சான் என்ற இறால் விழுது இருக்கும். ரொட்டி சானாய்க்குப் பருப்பு மட்டும் போதும், மீன் குழம்பு வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். செண்டோல் இருவருக்கும் பொது. அரிசிமாவுப் பச்சை இழை, தேங்காய்ப்பால், பனஞ்சர்க்கரைப் பாகு, பனித்துருவல். வெயிலில் அலைந்துவிட்டு அதைக் குடிப்பது தனி சுகம்.

நீங்கள் மாலையில் கோபித்தியாம் என்ற சீனக் காப்பிக் கடைக்குப் போங்கள். ஒரே கூரையின் கீழ் பல தள்ளுவண்டிகள், ஆளுக்கொரு பண்டம். மேசையைப் பிடித்து, வேண்டியதை அந்தந்த வண்டியில் சொல்லி, மேசை எண்ணைக் கொடுத்துவிட்டு வந்தால் கொண்டுவந்து வைத்துக் காசு வாங்கிக்கொள்வார்கள். பானத்தைக் கடைக்காரரிடமே வாங்குவது அங்கே மரியாதை. சார் குவே தியாவ் என்ற தட்டை அரிசி நூடுல்ஸில் பன்றிக்கொழுப்பு சேர்க்கிற வண்டிகள் பல உண்டு. ஆகாதென்றால் முதலில் கேளுங்கள். அசாம் லக்சாவை விடாதீர்கள். கானாங்கெளுத்தி வகை மீனைப் புளியோடு கொதிக்கவைத்து, அன்னாசியும் புதினாவும் தூவித் தரும் சூப் நூடுல்ஸ் அது. தமிழ் நாக்குக்கு உடனே பிடிபடும் புளிப்பு. எல்லாமே சின்னத் தட்டு, அதனால் ஒரே வேளையில் இரண்டு மூன்று பண்டம் பார்க்கலாம்.

இரண்டாம் நாள் காலை கூ கொங்சி என்ற சீனக் குலமாளிகை. கூரைச் சிற்பங்களுக்கு ஒரு மணி நேரமாவது ஒதுக்குங்கள். பிறகு ஆர்மீனியன் தெருவின் சுவரோவியங்களை வழியில் பார்த்துக்கொண்டே கடலுக்கு நடந்தால், தண்ணீரில் கால் ஊன்றி நிற்கும் சியூ குலத்தார் மரவீடுகள். அங்கே குடும்பங்கள் வசிக்கின்றன, வாசலுக்குள் கேமராவை நீட்டாதீர்கள். பினாங்கு மலைக்கு 1923-இல் தொடங்கிய இழுவை ரயிலில் ஏறுவதெல்லாம் நேரம் மிஞ்சினால்தான்.

கடைசியாகத் தேதி. சீனப் புத்தாண்டு ஜனவரி பிற்பகுதியிலோ பிப்ரவரியிலோ வரும். அப்போது சீன உணவுக்கடைகள் பல நாள் மூடியிருக்கும். தைப்பூசம் ஒட்டி வந்தால் வெள்ளித் தேரைப் பார்க்கலாம், ஆனால் அறை கிடைப்பது கஷ்டம். அடுத்த சில ஆண்டுகளுக்கு ரமலானும் ஜனவரி, பிப்ரவரியை ஒட்டியே வருகிறது. பகலில் முஸ்லிம் கடைகள் பல திறக்காது, மாலைச் சந்தைகள் களைகட்டும். இந்த மூன்றையும் நாட்காட்டியில் பார்த்த பிறகே டிக்கெட் எடுங்கள். உங்கள் பயணத்துக்கு மார்ச் இரண்டாம் பாதி இன்னும் பொருத்தம்.