படத்தொகுப்பும் மொழியும்: ஸ்ரீகர் பிரசாத்தை முன்வைத்து

திரையரங்கை விட்டு வெளியே வரும்போது நடிகரைப் பற்றிப் பேசுகிறோம், பாடலை முணுமுணுக்கிறோம், இயக்குநரைப் பாராட்டுகிறோம் அல்லது ஏசுகிறோம். படத்தொகுப்பாளரை யாரும் நினைப்பதில்லை. அவரது கைவண்ணம் கண்ணுக்குத் தெரியாமல் இருப்பதே பெரும்பாலும் அவரது வெற்றி. இத்தொழிலைப் புரிந்துகொள்ள, இந்தியத் திரையுலகின் மூத்த தொகுப்பாளர் ஸ்ரீகர் பிரசாத்தின் பணியை இங்கே எடுத்துக்கொள்கிறேன்.

ஸ்ரீகர் தெலுங்குத் திரைக் குடும்பத்தில் பிறந்தவர். தந்தை சஞ்சீவியும் படத்தொகுப்பாளரே. தந்தையின் உடன்பிறந்தவர் புகழ்பெற்ற எல்.வி. பிரசாத். ஸ்ரீகர் தொழிலுக்கு வந்த 1980களில் படச்சுருளை வெட்டி ஒட்டித்தான் தொகுக்க வேண்டும். 35 மி.மீ. சுருளில் ஓர் அடிக்கு 16 சட்டங்கள். ஒரு வினாடிக்கு 24 சட்டங்கள். ஆயிரம் அடிச் சுருள் பதினொரு நிமிடத்தில் ஓடி முடிந்துவிடும். இன்று கணினியில் வெட்டுவது எளிது. எங்கே வெட்டுவது என்பது மட்டும் அன்றுபோலவே கடினம்.

அவருக்குத் தேசிய விருது பெற்றுத் தந்த படங்களுள் சிலவற்றின் மொழிகளைக் கவனியுங்கள்: 'ராக்' (1989) இந்தி, 'ராக் பிராக்' அசாமியம், 'வானப்பிரஸ்தம்' (1999) மலையாளம், 'கன்னத்தில் முத்தமிட்டால்' (2002) தமிழ். இத்தனை மொழிகளில் ஒருவரால் எப்படிப் பணியாற்ற முடிகிறது?

'கன்னத்தில் முத்தமிட்டால்' படத்தில், ஒன்பதாம் பிறந்தநாளன்று அமுதாவுக்குத் தான் வளர்ப்பு மகள் என்ற உண்மை சொல்லப்படுகிறது. அப்படியொரு வசனம் ஒலிக்கும்போது திரையில் யார் முகம் இருக்க வேண்டும்? சொல்பவர் முகமா, கேட்கும் குழந்தையின் முகமா? சொல்லி முடித்தபின் எத்தனை வினாடி மௌனம்? வசனத்தில் ஓர் எழுத்தும் மாறாது. ஆனால் முகம் மாறினால் காட்சியின் பொருளே மாறிவிடும். சொற்களுக்கு இடையில் நடப்பதைக் கேட்கத் தெரிந்தவருக்குப் பிறமொழி பெரிய தடையன்று என்றே நான் கருதுகிறேன்.

தமிழிலக்கியம் பயில்வோருக்கு மற்றொரு படமும் பாடமாகும். அசோகமித்திரன், ஆதவன், ஜெயமோகன் ஆகியோரின் கதைகளைத் தழுவி வசந்த் இயக்கிய 'சிவரஞ்சனியும் இன்னும் சில பெண்களும்' ஸ்ரீகருக்கு மீண்டும் தேசிய விருதைத் தந்தது. சிறுகதையில் ஆசிரியர் சொல்லாமல் விடும் இடம் வாசகருக்கு உரியது. திரையில் அந்த இடத்தைக் காப்பாற்ற வேண்டியவர்களுள் தொகுப்பாளர் முக்கியமானவர்.

நண்பர்களுக்கு ஒரு பயிற்சி. மேற்சொன்ன படங்களுள் ஏதேனும் ஒன்றின் உரையாடற் காட்சியை ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள். ஒவ்வொரு முகமும் எப்போது வருகிறது, எப்போது மறைகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். பிறகு ஒலியோடு பாருங்கள். மொழியை நேசிக்கும் நாம் சொற்களைப் போற்றுவது இயல்பே. ஒரு சொல்லுக்குப் பின் எவ்வளவு நேரம் காத்திருக்க வேண்டும் என்பதும் மொழியறிவின் ஒரு பகுதிதான். அதைக் கற்றுத்தரும் ஆசிரியராகவே படத்தொகுப்பாளரை நான் பார்க்கிறேன்.