ஸ்டீம் கணக்கில் ஏறும் விளையாட்டு நேரம்: பார்ப்பது முதல் மறைப்பது வரை முழுமையான வழிகாட்டி

கம்ப்யூட்டரில் கேம் ஆடத் தொடங்கும் பலரும் சீக்கிரமே வந்து சேரும் இடம் ஸ்டீம். வால்வ் நிறுவனம் 2003-இல் தொடங்கிய இந்தத் தளத்தில்தான் கேம் வாங்குகிறோம், டவுன்லோட் செய்கிறோம், ஆடுகிறோம். எந்த கேமை எத்தனை மணி நேரம் ஆடினோம் என்ற கணக்கையும் அது பக்கத்திலேயே எழுதிக்கொண்டு வருகிறது.

அந்த எண் சிலருக்குப் பெருமை, சிலருக்குச் சங்கடம். "இதை அழித்துவிட முடியுமா?" என்பதுதான் புதியவர்கள் முதலில் கேட்பது. முடியாது. ஆனால் எது கணக்கில் ஏறுகிறது, யார் கண்ணில் படுகிறது, அந்தக் கணக்கால் நமக்கு என்ன லாபம் என்ற மூன்றும் பெரும்பாலும் நம் கையில் இருக்கின்றன. வாருங்கள், ஒவ்வொன்றாகப் பார்த்துவிடுவோம்.

எங்கே பார்ப்பது?

முதலில் லைப்ரரிக்குப் போவோம். இடப்பக்கப் பட்டியலில் ஏதாவது ஒரு கேமைத் தொட்டால், 'ப்ளே' பொத்தானுக்கு அருகில் 'லாஸ்ட் ப்ளேய்டு', 'ப்ளே டைம்' என்று இரண்டு விவரங்கள் தெரியும். கடைசியாக ஆடிய நாளும் இதுவரை ஆடிய மொத்த நேரமும் அவைதான்.

இரண்டாவது இடம் நம் ப்ரொஃபைல் பக்கம். கடந்த இரண்டு வாரங்களில் எவ்வளவு ஆடினோம் என்ற கணக்கு அங்கே இருக்கும். அதே பக்கத்தில் 'கேம்ஸ்' என்பதைத் திறந்தால் எல்லா கேம்களும் மணிக்கணக்கோடு வரிசையாக வரும். மற்றவர்கள் வந்து பார்ப்பதும் இதே பக்கத்தைத்தான்.

ஒரு விஷயத்தை இப்போதே மனதில் வைத்துக்கொள்வோம். ஸ்டீம் மணிகளைத் தசமத்தில் காட்டுகிறது. 1.5 என்றால் ஒன்றரை மணி நேரம். 1.9 என்பதை ஒரு மணி ஒன்பது நிமிடம் என்று படித்துவிடக் கூடாது. அது கிட்டத்தட்ட ஒரு மணி 54 நிமிடம். ரீஃபண்ட் பற்றிப் பேசும்போது இந்த வித்தியாசம் பணமாகவே தெரியும்.

எப்படிக் கணக்கிடுகிறது?

நாம் உண்மையில் ஆடுகிறோமா என்று ஸ்டீம் பார்ப்பதில்லை. கேமின் புரோகிராம் திறந்திருக்கிறதா என்பதை மட்டுமே பார்க்கிறது. சிக்னலில் நின்றாலும் மீட்டர் ஓடும் ஆட்டோபோல, கேமை நிறுத்தி வைத்துவிட்டுச் சாப்பிடப் போனாலும் கணக்கு ஏறும். முதன்மை மெனுவில் காத்திருப்பது, கிராஃபிக்ஸ் செட்டிங்கைத் திருத்துவது, நண்பர் வரும்வரை லாபியில் உட்கார்ந்திருப்பது எல்லாமே ஆடிய நேரம்தான்.

சில கேம்களுக்குத் தனி லாஞ்சர் உண்டு. கேமை மூடிய பிறகும் அந்தச் சிறிய ஜன்னல் பின்னணியில் திறந்தே கிடக்கலாம். இதைக் கண்டுபிடிக்க எளிய வழி, லைப்ரரியில் அந்த கேமின் பொத்தானைப் பார்ப்பது. கேம் ஓடாதபோது அது பச்சை நிறத்தில் 'ப்ளே' என்றிருக்கும். ஓடும்போது நீல நிறத்தில் 'ஸ்டாப்' ஆகிவிடும். கேமைவிட்டு வெளியே வந்த பிறகும் நீலமாகவே இருந்தால், ஏதோ ஒன்று இன்னும் மூடவில்லை என்று பொருள். அந்தப் பொத்தானையே அழுத்தி மூடிவிடலாம்.

நண்பர்கள் பட்டியலில் 'இன்விசிபிள்' என்று வைத்துக்கொண்டால் கணக்கு ஏறாது என்று பலர் நினைக்கிறார்கள். நாம் ஆன்லைனில் இருப்பதை மட்டுமே அது மறைக்கும். மணிக்கணக்கு வழக்கம்போல ஏறும். ப்ரொஃபைல் திறந்திருந்தால் பிறருக்கும் தெரியும்.

முதல் இரண்டு மணி நேரம் ஏன் முக்கியம்?

வாங்கிய கேம் பிடிக்கவில்லையா? நம் கம்ப்யூட்டரில் திணறுகிறதா? வாங்கி 14 நாட்களுக்குள், ஆடிய நேரம் 2 மணிக்குள் இருந்தால் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். இரண்டு நிபந்தனைகளும் சேர்ந்தே பொருந்த வேண்டும். அதனால் புதிய கேமின் முதல் இரண்டு மணி நேரத்தைக் கொஞ்சம் திட்டமிட்டுச் செலவிடுவோம்.

1. கடைப் பக்கத்தில் டெமோ இருந்தால் முதலில் அதை ஆடுவோம். டெமோவின் நேரம் தனிப் பதிவாக ஏறும்.
2. வாங்கிய பிறகு முதல் 15 நிமிடத்திலேயே கேம் சீராக ஓடுகிறதா, கன்ட்ரோலர் வேலை செய்கிறதா என்று பார்த்துவிடுவோம்.
3. ஒரு மணி நேரம் ஆனதும் கேமை முழுவதும் மூடி, வைத்துக்கொள்வதா வேண்டாமா என்று முடிவெடுப்போம்.
4. வேண்டாம் என்றால் ஸ்டீம் சப்போர்ட் பக்கத்தில் 'பர்ச்சேஸஸ்' பகுதிக்குப் போய், அந்த கேமைத் தேர்ந்தெடுத்து, ரீஃபண்ட் வேண்டும் என்ற வரியை அழுத்துவோம். காரணத்தைச் சுருக்கமாக எழுதினால் போதும்.

பணம் ஸ்டீம் வாலட்டுக்கு வர வேண்டுமா, செலுத்திய வழியிலேயே திரும்ப வேண்டுமா என்று அங்கே கேட்கும். கோரிக்கை ஏற்கப்பட்ட ஒரு வாரத்துக்குள் பணம் வந்துவிடும் என்பது ஸ்டீமின் விதி.

முன்கூட்டியே ஆடும் வசதியோடு விற்கப்படும் கேம்களில் கூடுதல் கவனம் தேவை. வெளியீட்டுக்கு முன்பு ஆடிய நேரமும் அந்த 2 மணிக்குள் சேரும் என்று 2024 ஏப்ரலில் விதியைத் திருத்திவிட்டார்கள். எல்லை தாண்டிவிட்டாலும் கோரிக்கை அனுப்பத் தடையில்லை. பரிசீலிப்பார்கள், ஆனால் உத்தரவாதம் கிடையாது.

யார் பார்க்கலாம் என்று முடிவு செய்வது எப்படி?

இதற்கான செட்டிங் ஒரே பக்கத்தில் இருக்கிறது. ப்ரொஃபைலைத் திறந்து 'எடிட் ப்ரொஃபைல்', அதற்குள் 'ப்ரைவசி செட்டிங்ஸ்' என்று போவோம்.

முதல் வரி 'மை ப்ரொஃபைல்'. இதை 'ப்ரைவேட்' ஆக்கினால் ப்ரொஃபைலின் விவரங்கள் அனைத்தும் மூடிக்கொள்ளும். பெரும்பாலானவர்களுக்கு இவ்வளவு தேவைப்படாது.

அடுத்தது 'கேம் டீடெய்ல்ஸ்'. நம்மிடம் என்னென்ன கேம்கள் இருக்கின்றன, எதை ஆடுகிறோம், எவ்வளவு நேரம் ஆடினோம் என்பதை இது ஆள்கிறது. எல்லோருக்கும், நண்பர்களுக்கு மட்டும், யாருக்கும் இல்லை என மூன்று நிலைகள் உண்டு.

மூன்றாவதாக, அதன் கீழேயே ஒரு சின்னக் கட்டம் இருக்கிறது. கேம் பட்டியல் மற்றவர்களுக்குத் தெரிந்தாலும் மொத்த நேரத்தை மட்டும் எப்போதும் மறைத்து வை என்பது அதன் சாரம். நம்மிடம் உள்ள கேம்களை நண்பர்கள் பார்க்கட்டும், மணிக்கணக்கு மட்டும் வேண்டாம் என்பவர்களுக்கு இந்த ஒரு டிக் போதும்.

திருத்தியதும் பலித்ததா என்று சோதிப்போம். ப்ரொஃபைல் முகவரியைக் காப்பி செய்து, பிரவுசரின் இன்காக்னிட்டோ ஜன்னலில் திறந்தால், முன்பின் தெரியாத ஒருவருக்கு என்ன தெரிகிறதோ அது நமக்கும் தெரியும்.

ஒரே ஒரு கேமை மட்டும் மறைக்க வேண்டுமா?

லைப்ரரியில் அந்த கேமின் பெயர்மீது வலது கிளிக் செய்து, 'மேனேஜ்', பிறகு 'மார்க் ஆஸ் ப்ரைவேட்' என்று போவோம். அந்த கேம் நம்மிடம் இருப்பது, இப்போது ஆடிக்கொண்டிருப்பது, ஆடிய நேரம் எல்லாமே மற்றவர்களிடமிருந்து மறைந்துவிடும். வாங்கும்போதே கார்ட்டில் ப்ரைவேட் என்று தேர்ந்தெடுக்கவும் வழி உண்டு.

அதே மெனுவில் 'ஹைட் திஸ் கேம்' என்ற வரியும் இருக்கிறது. இரண்டையும் குழப்பிக்கொள்ள வேண்டாம். அது நம் லைப்ரரிப் பட்டியலை ஒழுங்குபடுத்துவதற்கான வசதி. பிறர் பார்வையிலிருந்து அது எதையும் மறைக்காது.

விமர்சனம் எழுதுபவர்களுக்கு ஒரு வார்த்தை. ஸ்டீமில் ஒரு கேமுக்கு விமர்சனம் போட்டால், மொத்தம் ஆடிய நேரமும் எழுதியபோது இருந்த நேரமும் அதோடு சேர்ந்து வரும். நேரம் தெரியக் கூடாது என்றால் அந்த கேமுக்கு விமர்சனம் எழுதாமல் இருப்பதே பாதுகாப்பு.

பூஜ்ஜியமாக்க முடியுமா?

அப்படி ஒரு பொத்தான் ஸ்டீமில் இல்லை. கேமை அன்இன்ஸ்டால் செய்தால் நம் டிஸ்கில் இடம் மிச்சமாகும். மணிக்கணக்கு அப்படியே இருக்கும்.

சப்போர்ட் பக்கம் வழியாக ஒரு கேமைக் கணக்கிலிருந்தே நிரந்தரமாக நீக்கலாம். ஆனால் நேரத்தை மறைப்பதற்காக இதைச் செய்ய வேண்டாம். கேம் போய்விடும், போட்ட பணமும் திரும்பாது, மறுபடி ஆட ஆசை வந்தால் மறுபடி வாங்க வேண்டும். மறைப்பது மட்டுமே நோக்கம் என்றால் 'ப்ரைவேட்' போதும்.

வீட்டில் பிள்ளைகள் ஆடுகிறார்களா?

2024-இல் வந்த 'ஸ்டீம் ஃபேமிலீஸ்' இதற்காகவே இருக்கிறது. ஒரே வீட்டில் வசிக்கும் 6 பேர்வரை ஒரு குடும்பமாகச் சேரலாம். பகிர்வதற்கு அனுமதி உள்ள கேம்களை எல்லோரும் ஆடலாம். ஒவ்வொருவருடைய சேவ் ஃபைலும் தனித்தனியாக இருக்கும்.

அமைக்கும் வரிசை இதுதான். பெரியவர் ஒருவர் குடும்பத்தை உருவாக்குகிறார். பிள்ளையின் கணக்கைச் 'சைல்ட்' என்ற நிலையில் சேர்க்கிறார். பிறகு அந்தக் கணக்கின் பேரன்ட்டல் கன்ட்ரோல்ஸ் பகுதியில் எந்தெந்த கேம்கள் ஆடலாம், தினமும் எவ்வளவு நேரம் ஆடலாம் என்று குறிக்கிறார். ஆடிய நேரத்தின் அறிக்கையையும் அங்கேயே பார்க்கலாம்.

நேரம் தீர்ந்ததும் "இன்னும் கொஞ்ச நேரம்" என்று பிள்ளை ஸ்டீம் வழியாகவே கேட்கலாம். நாம் ஒப்புக்கொள்ளலாம், மறுக்கலாம். அளவைப் பிள்ளையோடு உட்கார்ந்து பேசி முடிவு செய்தால் தினசரி வாக்குவாதம் குறையும். பள்ளி நாளுக்கு ஒரு அளவு, விடுமுறைக்கு வேறு அளவு என்று பிரித்துக்கொள்வது நல்லது.

எவ்வளவு செலவு?

இதுவரை பார்த்த எந்த வசதிக்கும் கட்டணம் கிடையாது. மணிக்கணக்கைக் கொண்டு நாமே நம் செலவைக் கட்டுப்படுத்தலாம் என்பது கூடுதல் லாபம்.

கணக்கு எளிது. ரூ.1,200 கொடுத்து வாங்கிய கேமை 40 மணி நேரம் ஆடினால் மணிக்கு ரூ.30. அதையே 3 மணி நேரத்தோடு கைவிட்டால் மணிக்கு ரூ.400. ஆறு மணி நேரத்தில் முடியும் நல்ல கதை கேமும் உண்டு என்பதால் இதை மட்டும் வைத்து கேமை எடைபோட வேண்டாம். நாம் எந்த வகைக்குப் பணம் போடுகிறோம், எந்த வகையை உண்மையில் ஆடுகிறோம் என்ற இடைவெளி இதில் தெளிவாகத் தெரிந்துவிடும்.

லைப்ரரியில் வடிகட்டியைத் திறந்து 'அன்ப்ளேய்டு' என்று தேர்ந்தெடுத்தால், வாங்கிவிட்டுத் தொடாமலேயே விட்ட கேம்கள் வரிசையாக நிற்கும். தள்ளுபடி விற்பனை தொடங்கும்போது முதலில் இந்தப் பட்டியலைப் பார்த்துவிட்டுப் பிறகு கடைக்குப் போவோம். இதுவரை மொத்தம் எவ்வளவு செலவழித்தோம் என்று அறிய, 'அக்கவுன்ட் டீடெய்ல்ஸ்' பகுதியில் 'பர்ச்சேஸ் ஹிஸ்டரி' இருக்கிறது.

எச்சரிக்கை

மணிக்கணக்கை ஏற்றித் தருகிறோம், குறைத்துத் தருகிறோம் என்று பணம் கேட்பவர்களை நம்ப வேண்டாம். குறைத்துத் தர வெளியாட்களால் முடியாது. ஏற்றித் தருவதாகச் சொல்பவர்கள் பெரும்பாலும் நம் கணக்கின் பாஸ்வேர்டைக் கேட்பார்கள். அதைப் பிறருக்குக் கொடுப்பது ஸ்டீம் ஒப்பந்தத்துக்கு விரோதம். கணக்கே கைமாறிப் போகும் அபாயமும் உண்டு.

ஸ்டீம் ஊழியர் என்று சொல்லிக்கொண்டு சாட்டில் வந்து பாஸ்வேர்டோ குறியீடோ கேட்டால் அது மோசடியேதான். கணக்கில் நுழையும்போது கூடுதல் சரிபார்ப்பு கேட்கும் 'ஸ்டீம் கார்டு' (Steam Guard) வசதியை மொபைல் ஆப்பில் இயக்கி வைத்துக்கொள்வோம்.

எங்கிருந்து தொடங்குவது?

இன்று அரை மணி நேரம் ஒதுக்கினால் போதும். முதலில் 'கேம்ஸ்' பக்கத்தில் நம் மொத்தக் கணக்கைப் பார்ப்போம். அடுத்து ப்ரைவசி செட்டிங்ஸைத் திருத்தி, இன்காக்னிட்டோவில் சோதிப்போம். வேண்டிய கேம்களை ப்ரைவேட் ஆக்குவோம். ஸ்டீம் கார்டை இயக்குவோம். பிள்ளைகள் இருந்தால் குடும்பக் கணக்கை வார இறுதியில் அவர்களோடு சேர்ந்து அமைக்கலாம்.

கடைசியாக, சமீபத்தில் வாங்கி இன்னும் 14 நாள் ஆகாத கேம் ஏதாவது இருக்கிறதா என்று ஒருமுறை பார்ப்போம். பிடிக்காமல் கிடக்கும் அந்த கேமின் மணிக்கணக்கு இரண்டுக்குக் கீழே இருந்தால், கோரிக்கையை இன்றே அனுப்பிவிடுங்கள்.